உப்பங்கரை நூலகத்து ஈரப் புத்தகங்கள்

உப்பங்கரைக்குள் ஆறு மேற்கிலிருந்தும் கடல் கிழக்கிலிருந்தும் ஒரே நாளில் நுழைந்து, பேருந்து நிலையத்துக்கு எதிரே இருக்கும் கிளை நூலகத்தில் வந்து சந்தித்துக்கொண்ட அந்த ஐப்பசியில்தான், நூலகத்துப் புத்தகங்கள் வாய்விட்டு வாசிக்கத் தொடங்கின. ஊரில் இன்றைக்கும் யாரும் அதைப் பெரிய அதிசயமாகச் சொல்வதில்லை. தென்னை சாய்ந்ததையும் கரண்ட் போனதையும் நிவாரணத்துக்கு வந்த பாய்களில் பாதி கிழிசலாக இருந்ததையும் சொல்லிக்கொண்டு வரும்போது ஊடே இதையும் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு மேலே போய்விடுவார்கள்.

நூலகர் தில்லைநாயகியை ஊர் லைப்ரரியம்மா என்று கூப்பிடும். அவள் மாவட்டத் தலைநகரில் நடந்த ஒரு பயிற்சிக்குப் போய்வந்த கையோடு, வெள்ளம் வந்தால் நூலகம் என்ன செய்ய வேண்டும் என்று தானே உட்கார்ந்து ஒரு திட்டம் எழுதினாள். நனைந்த புத்தகத்தைப் பிழியாதே, விரிக்காதே, வெயிலில் போடாதே, ரெண்டு மூணு நாளில் பூஞ்சை பிடித்துவிடும், அதற்குள் உறையவைத்துவிட்டால் எத்தனை மாதமானாலும் தாங்கும், பிறகு நிதானமாக ஒவ்வொன்றாக எடுத்துக் காயவைக்கலாம், உறையவைக்க மீன்துறைச் சாலை மரைக்காயர் ஐஸ் பிளாண்டைக் கேள் என்றெல்லாம் எழுதி, அதைச் சுவரில் ஒட்டப் போனால் மேலே இடமில்லை. தலைவர்களின் படங்களும் 'அமைதி காக்கவும்' பலகையும் இருந்த இடத்தையெல்லாம் பிடித்துக்கொண்டிருந்தன. சரி என்று முழங்கால் உயரத்தில் ஒட்டினாள். வெள்ளம் வந்தபோது நூலகத்தில் முதலில் நனைந்தது அந்தத் திட்டம்தான் என்று ஊர் அவளைக் கேலி செய்யும், அவளும் கூடச் சேர்ந்து சிரிப்பாள்.

அவளால் சிரிக்க முடியாதது வேறு ஒன்று. அந்தத் திட்டத்தின் முதல் வரியே, கீழ்த்தட்டில் எதையும் வைக்காதே என்பதுதான். அதை எழுதிய அன்றே கீழ்த்தட்டிலிருந்த குழந்தைகள் புத்தகங்களையெல்லாம் மேலே ஏற்றினாள். மறுநாள் பள்ளிக்கூடம் விட்டு வந்த அவள் மகள் அல்லி, எம்பி எம்பிப் பார்த்துவிட்டு, "எட்டலம்மா" என்றாள். எட்டவில்லைதான். ஒன்பது வயதுக்கு அவள் உயரம் குறைவு. நாயகி எல்லாவற்றையும் பழையபடி கீழே இறக்கி வைத்தாள். அடுத்த மாதமே அல்லி நெஞ்சில் சளி கட்டி, மூச்சுக்குத் தவித்து, ஆஸ்பத்திரியில் இறந்துபோனாள். அதற்குப் பிறகு அந்தப் புத்தகங்களை மேலே ஏற்ற நாயகிக்கு மனம் வரவில்லை. எதிர்காலத்து வெள்ளத்துக்கு எழுதி வைத்தவள், செத்துப்போன பிள்ளையின் கைக்கு எட்டட்டும் என்று இருந்துவிட்டாள். தாயாக இல்லாதவர்கள் இதைத் தப்பு என்று சொல்லிக்கொள்ளட்டும்.

தண்ணீர் வடிந்த அன்று நாயகி நூலகத்துக்கு ஓடி வருவதற்குள், கருவாட்டுக்களத்துப் பெண்கள் வந்துவிட்டிருந்தார்கள். அவர்களுக்குத் தலைவி போல இருந்தவள் சிங்காரி. நல்ல மனசு, யாருக்கும் எதற்கும் முன்னால் நிற்பாள். நனைந்தது கெட்டுப்போகும் என்பது அவர்களுக்குத் தெரியாதா? கூடைகூடையாகப் புத்தகங்களைக் களத்துக்குத் தூக்கிப்போய், நடுவில் பிளந்து, உள்ளே கல்லுப்பைத் தடவி, வலைமேல் வரிசையாக வெயிலில் பரப்பியிருந்தார்கள்.

"ஐயோ, என்னக்கா பண்றீங்க!" என்று நாயகி தலையில் கை வைத்துக்கொண்டாள்.

"பதறாத லைப்ரரியம்மா," என்றாள் சிங்காரி. "வஞ்சிரத்தையே வருஷம் முழுக்கக் காப்பாத்துற கை இது. இந்தக் காகிதத்தக் காப்பாத்தாதா?"

அவள் சொல்லி வாய் மூடவில்லை, வலைமேல் பிளந்து கிடந்த ஒரு நாவல் ஆண் குரலில் வாசிக்கத் தொடங்கியது. கதாநாயகி ஜன்னலருகே நின்று பெருமூச்சு விடும் இடம். குரல், வார்டு உறுப்பினர் குஞ்சிதபாதத்தின் குரல். அவரோ அப்போது களத்தின் ஓரத்தில் நின்று நிவாரண வேலைகளைப் பார்வையிட்டுக்கொண்டிருந்தார். பக்கத்தில் ஒரு சமையல் புத்தகம் போலீஸ்காரர் ஒருவரின் குரலில் வெங்காயத்தைப் பொன்னிறமாக வதக்கச் சொன்னது. பெண்கள் முந்தானையை வாயில் வைத்து அடக்கியும் அடங்காமல் சிரித்தார்கள். கொஞ்ச நேரத்தில் களம் முழுக்க முணுமுணுப்பும் கரகரப்பும் எச்சில் தொட்டுப் பக்கம் புரட்டும் ஓசையுமாக ஆகிவிட்டது. ஈரப் புத்தகத்தைத் திறந்தால், அந்தப் பக்கத்தைக் கடைசியாக யார் வாசித்தார்களோ அவர்கள் குரலில் அது வாசிக்கும், காய்ந்தால் வாயை மூடிக்கொள்ளும் என்பது சாயங்காலத்துக்குள் ஊருக்கெல்லாம் தெரிந்துவிட்டது. ஏன் அப்படி என்று யாரும் கேட்கவில்லை. ஆறும் கடலும் கலந்த தண்ணீர் அப்படித்தான் இருக்கும் போலிருக்கிறது என்று சொல்லிக்கொண்டார்கள்.

சிரிப்பு எப்போது நின்றது என்றால், ஓய்வுபெற்ற தபால்காரர் சவரிமுத்து களத்துப் பக்கம் வந்து, இன்னும் உப்புத் தடவாத ஒரு கனத்த குடும்ப நாவலுக்கு முன்னால் நின்றபோதுதான். அதில் வாசித்துக்கொண்டிருந்தது இரண்டு வருஷத்துக்கு முன்னால் கல்லறைத் தோட்டத்தில் அடக்கமான அவர் மனைவி பிலோமினா. பல்செட்டைக் கழற்றி வைத்துவிட்டு வாசிக்கும்போது வரும் அதே குழறல். சவரிமுத்து மணலில் உட்கார்ந்தார். அந்தக் கதை அவருக்கும் மனப்பாடம், பிலோமினா அத்தனை தரம் அதை வாசித்திருக்கிறாள். சந்தோஷம் தாங்காமல், கண்ணீர் வழிய வழிய, வரியில் விரல் வைத்து அவளோடு சேர்ந்து அந்த அத்தியாயம் முழுவதையும் வாசித்தார். முடிந்ததும் மறுபடி கேட்கலாம் என்று பக்கத்தைத் திருப்பினார். இந்த முறை வந்தது அவருடைய குரல்.

"அவ மேல நான் பேசிட்டேன்," என்றார் சவரிமுத்து, யாரையும் பார்க்காமல். "உசிரோட இருக்கறப்பவும் இப்படித்தான். அவ பேசிட்டிருக்கப்பவே நடுவுல பூந்து நான் பேசுவேன்."

மீதி அத்தியாயங்களில் பிலோமினா இருந்தாள். ஆனாலும் ஊர் அன்றைக்கு ஒரு பாடத்தைக் கற்றுக்கொண்டது. ஈரப் புத்தகத்தின் முன்னால் உதட்டை மூடிக்கொண்டு உட்கார வேண்டும்.

உப்புப் போட்டவை போக மீதியை நாயகி மரைக்காயர் ஐஸ் பிளாண்டுக்குக் கொண்டு போனாள். படகுகள் கடலுக்குப் போகாத நேரம் அது, பிளாண்டில் மீன் இல்லை, ஜெனரேட்டர் மட்டும் சும்மா உறுமிக்கொண்டிருந்தது.

"மீனே இல்லாத பிளாண்டுல எதைப் போட்டா என்னம்மா," என்றார் ஹபீப் மரைக்காயர். "கொண்டாங்க. ஒண்ணே ஒண்ணு, நாளைக்கு எம் மீனு கதை பேச ஆரம்பிச்சா நீங்கதான் பொறுப்பு."

புத்தகங்கள் மீன் பெட்டிகளில் அடுக்கப்பட்டு, ஐஸோடு ஐஸாக, குரல் இறுகிக் கிடந்தன. அதன் பிறகு அந்த ஊர் ஒரு புது வழக்கத்துக்குப் பழகிக்கொண்டது. காலையில் நாயகி சில புத்தகங்களை வெளியே எடுப்பாள். அவை இளகுவதற்குள் பிளாண்டின் முன்கூடத்தில் ஆட்கள் கூடிவிடுவார்கள், ஆஸ்பத்திரிக்கு வருகிற மாதிரி தூக்குச்சட்டியும் பிளாஸ்க்குமாக வருவார்கள், யார் வீட்டுக் குரலோ என்று காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். ஒவ்வொரு பக்கமும் ஒரு முறை பேசும், நாயகி அதற்கு மேல் பட்டர்பேப்பரை வைப்பாள், மின்விசிறிக் காற்றில் அது காய்ந்து அடங்கும். புத்தகம் பேசும்போது அதைவிடச் சத்தமாக அழக் கூடாது என்பது தானாக ஏற்பட்ட ஒழுங்கு. சண்டையில் இருந்த பங்காளிகள் ஒரே அப்பாவின் குரலைக் கேட்க ஒரே பெஞ்சில் உட்கார்ந்தார்கள். செல்போனில் பதிவு செய்து பார்த்தவர்களுக்கு, தண்ணீர் சொட்டும் ஓசை மட்டுமே கிடைத்தது. உப்புப் போட்ட புத்தகங்களோ முழுக்கக் காயவே இல்லை, ஈரக்காற்று வீசும் சாயங்காலங்களில் களத்துக் குடிசையில் கிடந்து கரகரவென்று எதையாவது சொல்லிக்கொண்டே இருந்தன, சொல்லிச் சொல்லியே பூத்து உதிர்ந்து போயின.

அப்புறம்தான் அந்தக் கோரிக்கை வந்தது. காய்ந்த புத்தகத்துக்குள் குரல் தூங்குகிறது, வேறு யாராவது வாசித்தால் அழிந்துபோகும், ஆகையால் எங்கள் ஆட்களின் புத்தகங்களை யாருக்கும் இரவல் கொடுக்கக் கூடாது, கண்ணாடி அலமாரியில் வைத்துப் பூட்டு என்றார்கள். நாயகி உடனே சம்மதித்தாள். உண்மையைச் சொன்னால் அவள் அதற்காகவே காத்திருந்தாள். அவளுக்கும் ஒரு புத்தகம் இருந்தது, அதை அவள் இன்னும் ஐஸிலிருந்து எடுக்கவில்லை.

நூலகம் திறந்தது. புத்தகங்களில் முக்கால்வாசி கண்ணாடிக்குப் பின்னால் இருந்தன. மரைக்காயரின் பேத்தி சபூரா, முன்பல் விழுந்தவள், தினமும் வந்து கண்ணாடியில் மூக்கை அழுத்திக்கொண்டு நிற்பாள். "இது வேணும்" என்று விரலை வைப்பாள். "அது சவரிமுத்து தாத்தா வீட்டுதும்மா," என்பாள் நாயகி. அவள் விரல் நகரும். "அதுவும் வேற ஒருத்தங்களோடது." சபூரா வெறுங்கையோடு திரும்பிப் போவாள், மறுநாளும் வருவாள்.

நாயகி எடுக்காமல் வைத்திருந்த புத்தகம் 'திமிங்கலம் மூச்சுவிடும் கதை'. கீழ்த்தட்டில் இருந்தது, அல்லி கடைசியாக வாசித்தது. வழவழப்பான தாளில் பெரிய பெரிய படங்கள் போட்ட பழைய புத்தகம். அந்த வகைத் தாள் நனைந்து அப்படியே காய்ந்தால் செங்கல் மாதிரி ஒட்டிக்கொள்ளும், அப்புறம் எந்தக் கடவுளாலும் பிரிக்க முடியாது. ஈரமாக இருக்கும்போதே ஒவ்வொரு பக்கமாகப் பிரித்துத் தாள் வைக்க வேண்டும். அப்படிச் செய்தால் அல்லி ஒவ்வொரு பக்கமாகப் பேசி, ஒவ்வொரு பக்கமாக அடங்குவாள். அவள் பேசிய ஒரே காணொளியும் வெள்ளத்தில் போன செல்போனோடு போய்விட்டது. வேறு எங்கும் அந்தக் குரல் இல்லை.

"அந்த ஒண்ண மட்டும் நான் எம் மவுத் வரைக்கும் ஐஸ்லயே வச்சிருக்கேம்மா," என்றார் மரைக்காயர். "அதுக்கப்புறம் எம் பிள்ளைங்க வச்சிருப்பாங்க." படகுகள் மறுபடி போகத் தொடங்கியிருந்தன, மீன் வந்து நிறைந்துகொண்டிருந்தது, ஆனாலும் ஒரு மூலையில் அந்த ஒரு பெட்டி அப்படியே இருந்தது. சிங்காரியும் போகும்போது வரும்போதெல்லாம், "திமிங்கலப் புத்தகத்த எடுத்தாச்சா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். தன்மேல் உள்ள பரிதாபத்தில் கேட்கிறாள் என்று நாயகி நினைத்துக்கொண்டாள்.

அல்லியைக் கேட்காமல் இருக்கவும் நாயகியால் முடியவில்லை, அதுதான் விஷயம். ஐஸுக்குள் பிள்ளையின் குரல் இருக்கிறது என்று தெரிந்துகொண்டு எந்தத் தாய் வீட்டில் சோறு தின்பாள்? ஒரு நாள் காலையில் போய் எடுத்தாள். மேசைமேல் வைத்தாள். கப்பலில் வேலை பார்க்கும் கணவன் ரத்தினவேலுக்குப் போன் போட்டு, போனைப் புத்தகத்துக்குப் பக்கத்தில் சாய்த்து வைத்தாள். பட்டர்பேப்பர் கட்டோடு சிங்காரி தானாகவே வந்து எதிரே உட்கார்ந்தாள்.

ஐஸ் உருகி முதல் பக்கம் தானாகப் பிரிந்தது.

"தி... மிங்... கலம் மீன் அல்ல," என்றாள் அல்லி.

நாயகி மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். அதே மூக்கடைப்பு. ஒவ்வொரு வரி முடிந்ததும் தனக்குத் தானே போட்டுக்கொள்ளும் அந்த 'ம்'. உதட்டை மூடிக்கொள்ள வேண்டும் என்பதால் பற்களை இறுக்கிக் கடித்துக்கொண்டு, கண்ணீர் தாளில் விழாமல் தலையைத் தூக்கிக்கொண்டு கேட்டாள். "அது நம்மைப் போலவே மூச்சு விட மேலே வர வேண்டும். ம்." போனிலிருந்து ரத்தினவேல், "பேசுதா? புள்ள பேசுதா? எனக்குத் தண்ணி சொட்டுறதுதான் கேக்குது நாயகி," என்றான். கொஞ்ச நேரம் கழித்து, "பரவால்ல, அதையாவது கேக்குறேன், போன எடுக்காத," என்றான். பக்கம் பக்கமாக அல்லி வாசித்தாள், பக்கம் பக்கமாக நாயகி தாளை வைத்து மூடினாள். ஒவ்வொரு முறை மூடும்போதும், பிள்ளையின் முகத்தை மூடிய அந்த நாள் திரும்ப வந்தது.

பாதிப் புத்தகத்தில், குட்டி பிறக்கப்போகிற இடத்தில், அல்லி நின்றாள். "அம்மா, மீதிய நீ படிச்சுக் காட்டும்மா," என்றாள். அதோடு முடிந்தது. அதற்கு மேல் அவள் வாசிக்கவில்லை. அன்றைக்கு நாயகி தன் மேசையில் வெள்ளத் திட்டத்தை எழுதிக்கொண்டிருந்தாள், இதோ வரேன்டா என்று சொல்லிவிட்டு எழுதிக்கொண்டே இருந்தாள்.

அடுத்த பக்கத்தைப் பிரித்தபோது வேறொரு குரல் வந்தது. கட்டையான, அவசரமான, ஒரு பையனின் குரல். "தாய்த் திமிங்கலம் குட்டியை மூக்கால் தள்ளி, முதல் மூச்சுக்காக, நீருக்கு மேலே கொண்டுவரும்!"

சிங்காரியின் கையிலிருந்து பட்டர்பேப்பர்க் கட்டு நழுவிக் கீழே விழுந்தது.

அவள் மகன் மாசிலாமணி பெரிய அலை வந்த வருஷம் போனவன். அது நாயகிக்குத் தெரியும், அந்த ஊரில் அது யாருக்குத்தான் தெரியாது. இந்தப் புத்தகத்தை அவன் படித்தான் என்பது தெரியாது.

பக்கங்கள் தீரும்வரை சிங்காரி வாயில் கை வைத்துக்கொண்டு கேட்டாள். மீதி இருந்ததோ பாதிப் புத்தகம்தான். கடைசிப் பக்கம் அடங்கியது. மரைக்காயர் வாசலில் நின்று துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"திமிங்கலம் மீனே இல்லேன்னு வந்து சொன்னான்," என்றாள் சிங்காரி. "அவங்கப்பன், கடல்ல கெடக்குறது மீனு இல்லாம மாடா, ஆடாடான்னு கேட்டுச் சிரிச்சாரு. புத்தகத்தக் கொண்டாந்து முழுசாப் படிச்சுக் காட்டினான், முத எழுத்துலேருந்து. அதான் கேட்டுக்கிட்டே இருந்தேன், எடுத்தாச்சா, எடுத்தாச்சான்னு."

முதல் எழுத்திலிருந்து. நாயகிக்கு அது உறைத்தது. முதல் பாதியிலும் அந்தப் பையன் இருந்தான், அவன்மேல் அவள் மகள் உட்கார்ந்து, 'ம்' போட்டு வாசித்துவிட்டாள்.

"அக்கா," என்றாள் நாயகி. "எம் பொண்ணு உம் பிள்ளைய அழிச்சிட்டாளேக்கா."

"அட போ," என்று சிங்காரி அவள் கையைப் பிடித்தாள். "பூட்டி வச்சிருந்தா உம் பொண்ணு எதப் படிச்சிருப்பா? அதுவும் புள்ளதான, ஆசையாப் படிச்சிருக்கு. அந்தக் கொரலக் கேக்குறப்ப எனக்குக் கோவம் வரலம்மா. அழுகதான் வந்துது." சொல்லிவிட்டு அவள் உண்மையாகவே அழுதாள், நாயகியும் அழுதாள், போனில் ரத்தினவேலும் அழுதான், புத்தகம் மின்விசிறிக்கு அடியில் சத்தமில்லாமல் காய்ந்தது.

அந்தப் புத்தகம் நன்றாகக் காய்ந்து நிமிர்ந்த பிறகு, நாயகி கண்ணாடி அலமாரியைத் திறந்தாள். மற்றவர்களின் புத்தகங்களில் கை வைக்கவில்லை, அவரவர் வந்து சொல்லட்டும் என்று விட்டுவிட்டாள். திமிங்கலப் புத்தகத்தை மட்டும் அதற்குள் வைக்காமல் வெளியே வைத்தாள். கீழ்த்தட்டு இப்போது காலியாக இருந்தது, குழந்தைகள் புத்தகங்களுக்கு மேல்தட்டுதான். எட்டாதவர்களுக்காக மரைக்காயர் வீட்டிலிருந்து ஒரு முக்காலி வந்திருந்தது. இப்படி ஒரு முக்காலியைப் போட அன்றைக்கு ஏன் தோன்றவில்லை என்று அவள் தினமும் நினைத்துக்கொள்வாள்.

சாயங்காலம் சபூரா வந்தாள். வழக்கம்போலக் கண்ணாடிக்குப் போகப் பார்த்தவள், திமிங்கலத்தைக் கண்டதும் முக்காலியில் ஏறி அதை எடுத்தாள். எடுத்துவிட்டுத் திரும்பி, யாராவது தடுப்பார்களா என்று பார்த்தாள்.

"இது யாரோடது?" என்று கேட்டாள்.

வேண்டாம், கொடுத்துவிடு, நாளைக்கு வா என்று சொல்ல நாயகிக்கு வாய் திறந்தது. அந்த ஒரு நிமிஷம் அவள் பட்ட பாட்டை இந்தக் கதையைச் சொல்கிறவர் எவராலும் சொல்லிவிட முடியாது.

"லைப்ரரியோடது," என்றாள். "படி."

சபூரா தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து விரலை வரியில் வைத்தாள். வாசலில் கூடையை இறக்கி வைத்துவிட்டுச் சிங்காரி படியில் உட்கார்ந்தாள். வராந்தாவில் பத்திரிகை பார்த்துக்கொண்டிருந்த சவரிமுத்து அதை மடித்து வைத்தார். சபூரா அண்ணாந்து 'அமைதி காக்கவும்' பலகையைப் பார்த்துவிட்டு, யாருக்கும் கேட்காதபடி உதட்டுக்குள்ளேயே முணுமுணுத்தாள். ஒரு பக்கம் புரண்டது. இன்னொரு பக்கம் புரண்டது. ஒவ்வொன்றிலும் அல்லி எந்த இடத்தில் 'ம்' போட்டாள் என்று நாயகிக்குத் தெரியும். அது போகிறது என்றும் தெரியும். பொறுத்துப் பொறுத்துப் பார்த்தாள்.

"பாப்பா," என்றாள். "அந்தப் பலகையப் பாக்காத. நல்லா சத்தமாப் படி. எனக்குக் கேக்கணும்."

"இங்க வரைக்கும் கேக்கணும்டி," என்றாள் படியிலிருந்து சிங்காரி.

சபூரா தொண்டையைச் செருமிக்கொண்டாள். பிறகு, எல்லோரும் கேட்கிறார்கள் என்பதால், முதல் பக்கத்துக்கே திரும்பிப் போய், முதல் எழுத்திலிருந்து ஆரம்பித்தாள்.